யாருடைய கணக்கில் எழுதுவது?

விளையாட்டைப் பற்றி நான் இந்தப் பக்கத்தில் அதிகம் எழுதியதில்லை. அரசியலும் போரும் இடப்பெயர்வும் எழுதியே காலம் போய்விட்டது. ஆனால் பத்திரிகைத் தொழிலில் நான் அரிச்சுவடி படித்தது விளையாட்டுப் பக்கத்தில்தான். வெட்டவும் ஒட்டவும் தலைப்புப் போடவும் அங்குதான் கற்றுக்கொண்டேன். இன்று அதைப் பற்றி எழுத நேர்ந்ததற்கு ஒரு காரணம் உண்டு.

சில வாரங்களுக்கு முன் ஒரு மாலைப்பொழுதில், மானிப்பாயில் என் வீட்டுப் படலையைத் திறந்துகொண்டு ஒருவர் வந்தார். முன்னொரு காலத்தில் எங்கள் ஊர் உதைபந்தாட்ட அணியின் பந்துக்காப்பாளர். இப்போது அறுபதைத் தாண்டிவிட்டார். முழங்காலில் வாதம். விறாந்தையில் அமர்ந்து தேநீர் அருந்திய பின் மெல்லக் கேட்டார்:

"அண்ணை, தொண்ணூற்றிரண்டிலை நாங்கள் ஆடின அந்த இறுதியாட்டம், இரண்டுக்கு ஒண்டு எண்டுதானே முடிஞ்சது? மகன் நம்பிறானில்லை. உங்களிட்டை எழுதி வைச்சிருப்பியள் எண்டு சொன்னனான்."

என்னிடம் இல்லை. இருந்தது, இப்போது இல்லை. அவர் போன பின்பும் அந்தக் கேள்வி விறாந்தையிலேயே இருந்தது. அதிலிருந்துதான் இந்தக் கட்டுரை.

1992ஆம் ஆண்டு யூன் மாதத்தை நினைவுபடுத்திப் பார்க்கிறேன். குடாநாட்டுக்கு மின்சாரம் நின்று ஏறத்தாழ இரண்டு ஆண்டுகள். பெற்றோல் இல்லை, பற்றறி இல்லை, சவர்க்காரம் அருமை. பத்திரிகைக் கடதாசியும் தடைசெய்யப்பட்ட பொருள். அப்பியாசக் கொப்பித் தாளிலும், மண்ணிறப் பொதிசெய்யும் தாளிலும், கிடைத்த எந்த நிறக் காகிதத்திலும் யாழ்ப்பாணத்துப் பத்திரிகைகள் அச்சாகிக்கொண்டிருந்த காலம் அது. பக்கங்கள் சுருங்கச் சுருங்க, முதலில் சுருங்கியது விளையாட்டுப் பகுதிதான். எனக்கு ஒதுக்கப்பட்டது ஒரு பத்தி. சில நாட்களில் அரைப் பத்தி.

வெளிநாட்டுச் செய்திகளுக்கு வானொலிதான் ஒரே வழி. துவிச்சக்கர வண்டியைத் தலைகீழாக நிறுத்தி ஒருவர் மிதியைக் கையால் சுழற்ற, டைனமோவிலிருந்து வரும் மின்சாரத்தில் வானொலி பேசும். சுழற்றுபவர் களைத்தால் செய்தியும் களைத்துவிடும். அலுவலகத்தில் ஓர் இளைஞன் சுழற்ற, ஜாம் போத்தல் விளக்கின் வெளிச்சத்தில் நான் குறிப்பெடுப்பேன்.

அந்த யூன் மாதத்தில் சுவீடனில் ஐரோப்பியக் கிண்ண உதைபந்தாட்டம் நடந்தது. அதில் ஒரு விசித்திரமான அணி. முந்திய ஆண்டு தகுதி பெற்றது சோவியத் ஒன்றியம். டிசம்பரில் அந்த நாடே இல்லாமற் போய்விட்டது. ஆகவே 'சுதந்திர அரசுகளின் பொதுநலவாயம்' என்ற பெயரில் அவ்வணி சுவீடனுக்கு வந்தது. தனக்கென்று ஒரு தேசிய கீதம் இல்லை. பீத்தோவனின் ஒன்பதாவது சிம்பொனியை இசைத்தார்கள். ஜேர்மனியுடன் ஒன்றுக்கு ஒன்று என்று சமன் செய்தது, நெதர்லாந்துடன் கோல் இன்றிச் சமன் செய்தது, கடைசியில் ஸ்கொட்லாந்திடம் மூன்று கோல்களால் தோற்று வீடு திரும்பியது. எந்த வீட்டுக்கு என்பதுதான் கேள்வி.

நான் எழுதிக் கொடுத்த தாளைப் பார்த்த அச்சுக்கோப்பாளர் கேட்டார்: "ஐயா, இந்தப் பேர் ஒரு பத்திக்குள்ளை அடங்காது. இதென்ன நாடு? சுருக்கிப் போட ஒரு பேர் இல்லையோ?"

"இது நாடில்லை" என்றேன்.

"நாடில்லாமல் அணி வைக்கலாமோ?"

அந்தக் கேள்வியை அவர் சிரிப்புக்காகக் கேட்கவில்லை. பக்கத்தில் நின்றவர்களும் சிரிக்கவில்லை.

சோவியத் ஒன்றியம் உடைந்தபோது அதன் தொழிற்சாலைகளும் கப்பல்களும் எப்படிப் பங்கிடப்பட்டன என்று உலகம் நிறைய எழுதியது. ஓட்டங்களும் கோல்களும் எப்படிப் பங்கிடப்பட்டன என்பதை விளையாட்டுப் பக்கத்துக்காரர்கள்தான் கவனித்தோம்.

சோவியத் உதைபந்தாட்டத்தின் முதுகெலும்பு பல ஆண்டுகளாக உக்ரேனில் இருந்தது. கீவ் டைனமோ கழகம் சோவியத் சம்பியன் பட்டத்தை 13 தடவை வென்றது. வேறெந்தக் கழகமும், மொஸ்கோவின் கழகங்கள் உட்பட, அத்தனை தடவை வென்றதில்லை. 1975இலும் 1986இலும் ஐரோப்பியக் கிண்ண வெற்றியாளர் கிண்ணத்தை அதே கழகம் வென்றது. 1988இல் ஐரோப்பியக் கிண்ண இறுதியாட்டம் வரை போன சோவியத் அணியைப் பயிற்றுவித்தவர் கீவின் லொபனோவ்ஸ்கி. ஆடியவர்களிற் பெரும்பாலோர் அவருடைய கழகத்தவர்.

ஆனால் உலக உதைபந்தாட்டச் சம்மேளனத்தின் ஏட்டில் சோவியத் ஒன்றியத்தின் இடம் ரஷ்யாவுக்குப் போயிற்று. 1994 உலகக் கிண்ணத் தகுதிகாண் ஆட்டங்களில் ரஷ்யா இருந்தது, உக்ரேன் இல்லை. உக்ரேனில் பிறந்த கன்செல்ஸ்கிஸ், ஒனொப்கோ போன்றவர்கள் ரஷ்யாவுக்காக ஆடினார்கள். அவர்களைத் துரோகிகள் என்று சிலர் ஏசினார்கள். ஆனால் விளையாட்டுக்காரனின் ஆயுள் பத்து ஆண்டுகள். நாடு ஒன்று ஏட்டில் ஏறும்வரை அவன் கால்கள் காத்திருப்பதில்லை.

உக்ரேன் தன் முதலாவது தேசிய ஆட்டத்தை 1992 ஏப்ரல் 29ஆம் திகதி உஷ்கரோட் என்ற எல்லை நகரில் ஹங்கேரியுடன் ஆடி 1 - 3 என்று தோற்றது. அந்த உஷ்கரோட் என்ற பெயரை மனத்தில் வைத்துக்கொள்ளுங்கள். மீண்டும் அதற்கு வருவேன். அதே ஆண்டு தன் முதலாவது தேசிய லீக்கை அவசரம் அவசரமாக நடத்தியது. வசந்தத்தில் தொடங்கி யூனில் முடிந்த அரைப் பருவம். லிவிவ் நகரில் நடந்த இறுதியாட்டத்தில் கீவ் டைனமோ தோற்றது! வென்றது கிரிமியாவின் சிம்பெரோபோல் நகரத்துக் கழகமான தவ்ரியா. ஒரே ஒரு கோல். சுதந்திர உக்ரேனின் முதற் சம்பியன் கிரிமியாவிலிருந்து வந்த அணி என்பது 2014க்குப் பின் வேறு விதமாக வாசிக்க வேண்டிய செய்தி.

அதே கோடையில் பார்சிலோனா ஒலிம்பிக். 'ஒருங்கிணைந்த அணி' என்ற பெயரில் முன்னாள் சோவியத் நாடுகளிற் பெரும்பாலானவை சேர்ந்து 45 தங்கம் உட்பட 112 பதக்கங்களை அள்ளிப் பட்டியலில் முதலிடம் பெற்றன. அணிப் போட்டியில் வென்றால் ஒலிம்பிக் கொடி. தனியாக வென்றால் அவரவர் குடியரசின் கொடி. ஒடெசாவைச் சேர்ந்த தத்தியானா குத்சு என்ற பெண் உடற்பயிற்சிப் போட்டியில் ஒரு நாள் அணியோடு வென்றபோது ஒரு கொடி, பின்னொரு நாள் தனியாக வென்றபோது வேறொரு கொடி. அதே மண்டபம், அதே பிள்ளை.

இந்தச் செய்தியை நான் அரைப் பத்தியில் எழுதினேன். அன்று யாழ்ப்பாணத்தில் அதை வாசித்தவர்கள் உக்ரேனைப் பற்றி மட்டும் வாசித்தார்கள் என்று நான் நினைக்கவில்லை.

எங்கள் சொந்த லீக்குக்கு வருவோம்.

யாழ்ப்பாணத்தில் உதைபந்து கடலோடிகளின் ஆட்டம் என்று சொல்வதுண்டு. நாவாந்துறை சென். மேரிஸ், பாஷையூர் சென். அன்ரனிஸ், குருநகர் பாடுமீன் என்ற பெயர்களைக் கேட்டாலே மைதானத்தின் ஓரத்தில் மணலும் உப்புக்காற்றும் வந்து நிற்கும். உட்புறக் கிராமங்களும் சளைத்தவையல்ல. இளவாலை யங் ஹென்றிஸ், ஊரெழு றோயல், மயிலங்காடு ஞானமுருகன் என்று அணிகள் உண்டு. எங்கள் மானிப்பாய்ப் பக்கத்தில் படிப்பும் வைத்தியமும்தான் பெரிய பேச்சு. வைத்தியர் சாமுவேல் கிறீன் 1847இல் வந்திறங்கி மருத்துவக் கல்வியைத் தொடக்கிவைத்த ஊர் அல்லவா! ஆயினும் மருதடிப் பிள்ளையார் தேர் முடிந்த சித்திரைக்குப் பின் எங்கள் ஊர்ப் பையன்களும் பந்தோடுதான் திரிவார்கள்.

போர் தொடங்கிய பின் நகரத்துத் துரையப்பா விளையாட்டரங்கு எங்களுக்கு இல்லாமற் போயிற்று. 1990இல் கோட்டையைச் சுற்றிச் சண்டை நடந்தபோது அதன் ஓரத்திலேயே அரங்கு கிடந்தது. ஆட்டங்கள் கிராமங்களுக்கு ஒதுங்கின. மாலை நான்கு மணிக்கு ஆட்டம் என்றால், நான்கு மணிக்கு வானத்தைப் பார்ப்பது முதல் வேலை. 'சியாமாசெட்டி'யா, 'புக்காரா'வா, 'சகடை'யா என்று சத்தத்தைக் கொண்டே சிறுவர்கள் சொல்லிவிடுவார்கள். மைதானத்தின் நான்கு மூலையிலும் பதுங்குகுழி வெட்டியிருந்தார்கள். மூலை உதைக்குப் போகிறவன் குழியில் விழாமல் பார்த்துக்கொள்ள வேண்டும்.

என் வீட்டுக்கு வந்த பந்துக்காப்பாளர் கேட்ட அந்த இறுதியாட்டத்துக்கு நானும் போயிருந்தேன். இரண்டாம் பாதியில் விமானம் வந்தது. நடுவர் ஊதலை ஊதினார். அது ஆட்டத்தை நிறுத்தும் ஊதலா, 'ஓடுங்கள்' என்ற ஊதலா என்று யாரும் கேட்கவில்லை. ஏறத்தாழ முக்கால் மணித்தியாலம் எல்லோரும் குழிகளுக்குள். இரு அணியினரும் கலந்து கிடந்தார்கள். குண்டு வேறெங்கோ விழுந்தது. பின் வெளியே வந்து, விட்ட இடத்திலிருந்து ஆடினார்கள். இருட்டுவதற்குள் முடிக்க வேண்டும் என்பதால் இடைவேளை எடுக்கவில்லை என்றுகூட யாரோ பகிடி விட்டார்கள்.

நான் எழுதிய அறிக்கையில் 'விமானக் குண்டுவீச்சினால் ஆட்டம் 45 நிமிடம் தடைப்பட்டது' என்று ஒரு வசனம் இருந்தது. மூத்த உதவி ஆசிரியர் ஒருவர் அதை வெட்டிவிட்டார். "குண்டு முதற் பக்கத்துச் செய்தி. அது முதற் பக்கத்தில் வருகிறது. விளையாட்டுப் பக்கத்துக்கு ஏன் கொண்டுவருகிறீர்?" என்றார். இடமும் இல்லைத்தான். ஆனால் அந்த வசனம் இல்லாத அறிக்கையை மறுநாள் வாசித்தபோது, வேறேதோ நாட்டில் நடந்த ஆட்டம் போலிருந்தது. நெடுங்காலம் அவர்மீது எனக்கு ஒரு மனத்தாங்கல் இருந்தது.

பத்திரிகையில் இடம் இல்லாதவற்றை எழுதுவதற்காக நான் தனியே ஏடு வைத்திருந்தேன். நீண்ட சீ.ஆர். கொப்பிகள் மூன்று. 1979 முதல் நான் பார்த்த ஒவ்வோர் ஆட்டமும் அதில் உண்டு: திகதி, மைதானம், அணி விபரம், கோல் போட்டவர், நிமிடம், நடுவர் பெயர். வெட்டப்பட்ட வசனங்களும் அங்கே உயிரோடிருந்தன.

1995 ஒக்ரோபர் 30. அன்றிரவு வலிகாமம் முழுவதும் வீதிக்கு வந்தது. அதற்கு முன் யூலை 9ஆம் திகதி, எங்கள் பக்கத்து ஊரான நவாலியில் புனித பீற்றர் தேவாலயத்தில் தஞ்சமடைந்திருந்தவர்கள்மீது குண்டு விழுந்து நூற்றுக்கும் மேற்பட்டோர் இறந்ததைக் கண்டவர்கள் நாங்கள். ஆகவே நிற்பதா போவதா என்று வாதாட யாருக்கும் மனம் இருக்கவில்லை. மழை. நாவற்குழிப் பாலத்தை நோக்கி அடிமேல் அடி வைத்து நகரும் சனம். துவிச்சக்கர வண்டியின் பின்னே அம்மாவை இருத்தி, கைபிடியில் இரண்டு பைகளைக் கொழுவிக்கொண்டு தள்ளினேன். அரிசியும் காணி உறுதியும் அம்மாவின் மருந்தும் பையில் இருந்தன. கொப்பிகள் அலுமாரியில் இருந்தன. பத்து நாளில் திரும்பி வருவோம் என்ற நம்பிக்கை.

திரும்பியது 1996ஆம் ஆண்டின் நடுப்பகுதியில். வீட்டில் அலுமாரியும் இல்லை, கதவும் இல்லை. எத்தனையோ பேர் எத்தனையோ இழந்த காலத்தில் மூன்று கொப்பிக்காக அழுதால் யார் கேட்பது? நானும் யாரிடமும் சொல்லவில்லை. துரையப்பா அரங்கை 1999இல் திருத்தத் தொடங்கியபோது நிலத்துக்கு அடியிலிருந்து மனித எலும்புக்கூடுகள் வெளிவந்தன. கோல் கம்பம் நடுவதற்கு முன் கிடங்கில் என்ன இருக்கிறது என்று பார்க்க வேண்டிய ஊரில், கோல் கணக்கைப் பற்றிப் பேசுவது வெட்கமாகக்கூட இருந்தது. அந்த அரங்கு இந்திய உதவியுடன் புதுப்பிக்கப்பட்டு 2016 யூனில் திறக்கப்பட்டது. இன்று அங்கே ஓடும் பிள்ளைகளுக்கு அதெல்லாம் தெரிய வேண்டும் என்றும் தோன்றுகிறது, தெரியாமலே ஓடட்டும் என்றும் தோன்றுகிறது.

இனி, இந்தக் கட்டுரையில் எழுதத் தயங்கிய பகுதி.

என் தங்கையின் மகன் மானிப்பாயில் பிறந்தவன். ஏழு வயதில் தாய் தகப்பனோடு இலண்டனுக்குப் போனான். நல்ல இடப்பக்க ஆட்டக்காரன். 2012ஆம் ஆண்டு தொடக்கத்தில் ஒரு நாள் தொலைபேசியில் அழைத்தான்.

"மாமா, தமிழீழ அணி எண்டு ஒரு உதைபந்தாட்ட அணி கட்டுகினம். நாடில்லாத ஆக்களுக்கு ஒரு உலகக் கிண்ணமாம். குர்திஸ்தானிலை நடக்குது. என்னையும் தெரிவுக்குக் கூப்பிட்டிருக்கினம்."

நான் பேசவில்லை. இருபது ஆண்டுகளுக்கு முன் அச்சுக்கோப்பாளர் கேட்ட கேள்விக்கு விடை தேடிக்கொண்டிருந்தேன். நாடில்லாமல் அணி வைக்கலாமோ?

அவனே தொடர்ந்தான்: "அதிலை விளையாடினா பிறகு ஊருக்கு வரேலாமற் போகுமோ மாமா?"

போர் முடிந்து மூன்று ஆண்டுகள்கூட ஆகவில்லை. தொலைபேசியில் இப்படியான கேள்விக்கு நேர்விடை சொல்லும் வழக்கம் எங்களிடம் இருக்கவில்லை. உண்மையில் விடையும் தெரியாது. அந்த அணியின் பெயரையும் சின்னத்தையும் கொழும்பு எப்படிப் பார்க்கும், விமான நிலையத்தில் யாருடைய பட்டியலில் யாருடைய பெயர் இருக்கும் என்று அன்று ஒருவருக்கும் தெரியாது. நான் சொன்னது இவ்வளவுதான்:

"தம்பி, அம்மம்மாவுக்கு எண்பத்தாறு வயது."

சற்று நேரம் மௌனம். பிறகு, "சரி மாமா" என்றான்.

அவன் தெரிவுக்குப் போகவில்லை. அந்த யூனில் எர்பில் நகரில் ஒன்பது அணிகள் ஆடின. குர்திஸ்தான் தன் சொந்த மக்களின் முன்னால் வட சைப்பிரசை வென்று கிண்ணத்தை எடுத்தது. தமிழீழ அணி முதன்முறையாக உலகின் முன் ஓர் ஆட்டத்தை ஆடிற்று. நான் இணையத்தில் புகைப்படங்களைப் பார்த்து, இடப்பக்கத்தில் நிற்கும் பையன் யார் என்று தேடினேன். 2014இல் சுவீடனின் ஒஸ்டர்சுண்ட் நகரில் 'கொனிபா' என்ற புதிய அமைப்பு நடத்திய போட்டியிலும் அந்த அணி ஆடியது. அப்காசியா, தென் ஒசெத்தியா, டார்பூர் அகதிகள், ஆர்மேனியர்களின் நகர்னோ-கரபாக் என்று பன்னிரண்டு அணிகள். அவற்றிற் சில, சோவியத் உடைந்தபோது எந்த ஏட்டிலும் ஏறாமற் போன இடங்கள்.

மருமகன் 2012 டிசம்பரில் மானிப்பாய்க்கு வந்தான். மூன்று கிழமை நின்றான். அம்மா அவனுக்குத் தன் கையால் ஒடியற்கூழ் காய்ச்சிக் கொடுத்தா. விறாந்தையில் அவனை இருத்தி, அவன் முழங்காலில் கிடந்த பழைய காயத் தழும்பைத் தடவிக்கொண்டிருந்தா. மறு ஆண்டு பங்குனியில் அம்மா போய்விட்டா. நான் சொன்னது சரி என்று அப்போது ஐயமின்றி நம்பினேன்.

2018இல் தங்கையைப் பார்க்க இலண்டன் போனேன். அதே காலத்தில் கொனிபாவின் உலகக் கிண்ணம் அங்கே நடந்தது. சோமாலியாவின் கரையோர நகரான பரவாவிலிருந்து சிதறிய மக்களின் அணிதான் விருந்தினரை ஏற்றது. முதல் நாள் ஆட்டத்தில் அவர்களோடு மோதியது தமிழீழம். மருமகன் என்னைக் காரில் கூட்டிப்போனான். நகரின் ஓரத்தில் ஒரு சிறு கழகத்தின் மைதானம். மேளம் கொட்டும் தமிழ்ப் பையன்கள், குழந்தைகளோடு வந்த பெண்கள், உருளைக்கிழங்குப் பொரியல் வாசனை. எம்மவர் தோற்றார்கள். ஆட்டம் முடிந்த பின்பும் சனம் கலையவில்லை. தோற்ற அணியைச் சுற்றி நின்று கைதட்டினார்கள்.

மருமகன் வேலியில் கைகளை ஊன்றியபடி சொன்னான்:

"மாமா, அண்டைக்கு நீங்கள் போகாதை எண்டு சொல்லேல்லை. அம்மம்மாவின்ரை வயதைத்தான் சொன்னியள்."

"அது பிழையோ தம்பி?"

"பிழையெண்டு சொல்லேல்லை. அம்மம்மாவோடை இருந்த அந்த மூண்டு கிழமையை நான் எதுக்கும் மாத்தமாட்டன். ஆனால், நானே முடிவெடுத்தன் எண்டு கனகாலம் நினைச்சுக்கொண்டிருந்தன். பிறகுதான் விளங்கினது, முடிவை நீங்கள் எடுத்துப்போட்டு எனக்கு அதைச் சொல்லாமல் விட்டியள் எண்டு."

கோபமில்லாமல் சொன்னான். அதனால்தான் இன்றும் அது மறக்கவில்லை. என் அறிக்கையிலிருந்து ஒரு வசனத்தை வெட்டிய உதவி ஆசிரியர்மீது கால் நூற்றாண்டு மனத்தாங்கல் வைத்திருந்தவன் நான். 'எனக்குப் பயமாக இருக்கிறது' என்ற ஒரே வசனத்தை நானும் வெட்டித்தான் அவனுக்குக் கொடுத்திருக்கிறேன்.

அந்தப் போட்டியில் யார் வென்றார்கள் தெரியுமா? இங்கேதான் உஷ்கரோட் மீண்டும் வருகிறது. கார்ப்பாத்தல்யா என்ற அணி. கடைசி நேரத்தில் வேறோர் அணிக்குப் பதிலாகச் சேர்க்கப்பட்டது. இறுதியாட்டத்தில் வட சைப்பிரசைத் தண்ட உதைகளில் வென்றது. யார் இவர்கள்? உக்ரேனின் மேற்கு மூலையில், உஷ்கரோட்டைத் தலைநகராகக் கொண்ட மாநிலத்தில் வாழும் ஹங்கேரியச் சிறுபான்மையினர்!

உக்ரேனில் அது பெரும் சீற்றத்தைக் கிளப்பியது. விளையாட்டுத்துறை அமைச்சர், அந்த ஆட்டக்காரர்களைப் பிரிவினைவாதிகள் என்ற கோணத்தில் விசாரிக்கும்படி பாதுகாப்புச் சேவையிடம் கேட்டார். உக்ரேன் உதைபந்தாட்டச் சம்மேளனம் தடைகளை விதித்தது. 1992இல் தன் முதலாவது தேசிய ஆட்டத்தை ஆட உஷ்கரோட்டைத் தேர்ந்த அதே நாடு. ஏட்டில் தன் பெயர் இல்லாததன் வலியை அறிந்த அதே நாடு.

அதைப் படித்தபோது எனக்கு முதலில் கோபம் வந்தது. பிறகு ஆறுதலாக யோசித்தேன். 2014இல் கிரிமியாவை இழந்து, கிழக்கில் போர் நடந்துகொண்டிருந்த நாடு அது. முதற் சம்பியனான தவ்ரியாவின் நகரமே போய்விட்டது. எல்லை மூலையில் இன்னொரு கொடியைக் கண்டால் அந்த நாடு நடுங்குவதற்குக் காரணம் உண்டு. ஆனால் அந்த நடுக்கத்தின் விலையைக் கொடுத்தவர்கள் பந்து உதைக்கப் போன இளைஞர்கள். இந்தக் கதையை நாங்கள் எந்தப் பக்கத்தில் நின்று வாசிப்பது? நாடு கேட்டவன் பக்கத்திலா, நாடு கிடைத்தவன் பக்கத்திலா? கிடைத்த பின்பு முன்னையவனை மறந்துவிடாமல் இருப்பது எவ்வளவு கடினம் என்று மட்டும் எனக்கு விளங்கிற்று.

வேறொரு பக்கமும் இருக்கிறது. அதைச் சொல்லாமல் விட்டால் நான் நேர்மையான செய்தியாளன் அல்லன். எங்கள் பிள்ளைகள் இலங்கையின் பெயரிலும் ஆடினார்கள், ஆடுகிறார்கள். யாழ். மத்திய கல்லூரியின் நாகலிங்கம் எதிர்வீரசிங்கம் 1958இல் டோக்கியோவில் உயரம் பாய்ந்து இலங்கைக்கு ஆசிய விளையாட்டு விழாவின் முதலாவது தங்கத்தைக் கொண்டுவந்தார். 2024இல் மறையும்வரை அவர் அந்தப் பதக்கத்துக்கும் தன் இனத்தின் துயரத்துக்கும் சேர்த்தே குரல் கொடுத்தார். ஒன்றை ஏற்க மற்றதை மறுக்கவில்லை. ஈவினையில் பிறந்த தர்ஜினி சிவலிங்கம் இல்லாமல் 2018இல் இலங்கை வலைப்பந்தாட்டத்தில் ஆசியக் கிண்ணத்தை நினைத்துப் பார்த்திருக்க முடியாது. தெல்லிப்பழை மகாஜனாவின் அனித்தா ஜெகதீஸ்வரன் கோலூன்றிப் பாய்தலில் தேசிய சாதனையைத் தன் பெயரில் எழுதினார். கோலூன்றிப் பாய்தலின் பேரரசன் செர்கேய் பூப்கா உக்ரேனின் லுகான்ஸ்கில் பிறந்தவர். 1988இல் சோவியத் கொடியில் ஒலிம்பிக் தங்கம். 1992இல் ஒருங்கிணைந்த அணியில் ஓர் உயரத்தையும் தாண்ட முடியாத தோல்வி. 1994இல் உக்ரேன்காரராக 6.14 மீற்றர் என்ற உலக சாதனை. மூன்று பெயர்களிலும் ஓடிவந்து பாய்ந்தவர் ஒருவரே.

2020இல் லங்கா பிரீமியர் லீக் துடுப்பாட்டம் தொடங்கியபோது யாழ்ப்பாணத்தின் பெயரில் ஓர் அணி வந்தது. முதல் ஆண்டிலேயே கிண்ணம். பிறகு 2021, 2022, 2024 என்று மீண்டும் மீண்டும் கிண்ணம். அணியில் எங்கள் பிள்ளைகள் மிகச் சிலர். ஆயினும் யாழ். மத்திய கல்லூரியின் பதினெட்டு வயது விஜயகாந்த் வியாஸ்காந்த் முதன்முறை பந்து வீசியபோது எங்கள் வீதியே தொலைக்காட்சியின் முன் இருந்தது. அவர் 2024இல் ஐ.பி.எல். வரை போனார். ஆனால் அந்த முதற் கிண்ணம் யாழ்ப்பாணத்தில் ஆடி வென்றதல்ல. கொரோனாக் காலம் என்பதால் முழுத் தொடரும் தீவின் மறு முனையான அம்பாந்தோட்டையில் நடந்தது. குடாநாட்டில் அத்தகைய மைதானமும் இருக்கவில்லை. மண்டைதீவில் சர்வதேச மைதானத்துக்கு அடிக்கல் நாட்டியது 2025இல்தான்.

ஊர்ப் பெயரைச் சுமந்துகொண்டு ஊருக்கு வெளியே ஆடும் அணி என்றால் எனக்கு ஷக்தார் டொனெட்ஸ்க் நினைவுக்கு வரும். 2009இல் ஐரோப்பாவின் யூஈஎப்ஏ கிண்ணத்தை வென்ற கழகம். அதே ஆண்டு பிரமாண்டமான அரங்கைத் திறந்தார்கள். 2014 போருக்குப் பின் அந்தக் கழகம் டொனெட்ஸ்கில் ஆட முடியாமற் போயிற்று. லிவிவ், கார்கிவ், கீவ் என்று வாடகை மைதானங்கள். நாங்கள் சாவகச்சேரியிலும் கொடிகாமத்திலும் இருந்துகொண்டு 'மானிப்பாய்' என்று விலாசம் சொன்னது போல.

2022 பெப்ரவரி 24இல் ரஷ்யா முழு அளவில் படையெடுத்ததும் உக்ரேனின் லீக் நின்றது. அந்தப் பருவத்துக்குச் சம்பியன் இல்லை என்று அறிவித்தார்கள். ஓகஸ்ட் 23இல் மீண்டும் தொடங்கினார்கள். பார்வையாளர் இல்லாத அரங்கு, அருகே பதுங்குமிடம். அபாயச் சங்கு ஒலித்தால் ஆட்டத்தை நிறுத்தி எல்லோரும் உள்ளே போக வேண்டும். தொடங்கிய கிழமையிலேயே லிவிவில் நடந்த ஓர் ஆட்டம் சங்கொலியால் பல தடவை நின்று நின்று, முடிவதற்கு நான்கு மணித்தியாலத்துக்கு மேல் எடுத்தது. உலகப் பத்திரிகைகள் எல்லாம் அதை எழுதின. எத்தனை நிமிடம், எத்தனை தடவை என்று கணக்கோடு எழுதின.

அதை வாசித்த அன்று எனக்குப் பொறாமையாக இருந்தது என்பதை ஒப்புக்கொள்கிறேன். ஆட்டம் தடைப்பட்ட நிமிடங்களை எழுத அவர்களுக்கு ஒரு பத்தி கிடைத்திருக்கிறது.

பந்துக்காப்பாளர் வந்துபோன மறுநாள் மானிப்பாய்ச் சந்தியில் ஒரு சீ.ஆர். கொப்பி வாங்கினேன். ஊரில் எஞ்சியிருக்கும் பழைய ஆட்டக்காரர்களைத் தேடிப் போகிறேன். சிலர் கனடாவில், சிலர் பிரான்சில். அவர்களைத் தொலைபேசியில் பிடிக்கிறேன். முதலில் அந்த 1992 இறுதியாட்டத்தையே எடுத்துக்கொண்டேன். பந்துக்காப்பாளர் இரண்டுக்கு ஒன்று என்கிறார். எதிரணியில் ஆடிய ஒருவர் ரொறன்ரோவிலிருந்து, ஒன்றுக்கு ஒன்று, தண்ட உதையில்தான் முடிந்தது என்று சத்தியம் பண்ணுகிறார். எனக்கு நினைவில்லை. இரண்டையும் எழுதிவைத்திருக்கிறேன், சொன்னவர் பெயரோடு.

ஆனால் ஒரு விடயத்தில் இருவருக்கும் ஐயமில்லை. இரண்டாம் பாதியில் விமானம் வந்தது; ஆட்டம் முக்கால் மணித்தியாலம் நின்றது; இரு அணியும் ஒரே குழிக்குள் கிடந்தன. அதை முதல் வரியாக எழுதினேன்.

கொப்பியின் அந்தப் பக்கத்தைப் படமெடுத்து மருமகனுக்கு அனுப்பினேன். கீழே ஒரு வரி சேர்த்திருந்தேன்: 'தம்பி, 2012இல் எனக்குப் பயமாக இருந்தது. அதை அன்றே சொல்லியிருக்க வேண்டும்.'

இரவு பதில் வந்தது. "தெரியும் மாமா. கொப்பியிலை தண்ணி படாமல் வையுங்கோ."